படத்தில் இல்லாத காட்சி

சினிமாத் தொழிலுக்குப் புதிதாக வந்திருக்கும் தம்பிகளே, தங்கைகளே,

உங்களில் சிலர் ரயிலேறி மலாயாவில் இந்தக் குளுவாங்குக்கு வந்து, "நீங்கள் பேசியதை எழுதிக் கொடுங்கள், அச்சடிக்கிறோம்" என்று கேட்டீர்கள். நான் பள்ளிக்கூடம் அதிகம் போனவனல்ல. என் எழுத்தும் பேச்சு மாதிரிதான் அங்கே இங்கே சுற்றிக்கொண்டு வரும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

நான் இயக்கியது ஒரே ஒரு படம். அதை முழுதாகப் பார்த்தவர்கள் மெட்ராஸில் ஒரு சின்ன அறையில் ஒருமுறை கூடி உட்கார்ந்த சில பேர்தான். அவர்களிலும் பாதிப் பேர் போலீஸ். ஒரு படத்தை வைத்துக்கொண்டு உங்களுக்கு நான் என்னத்தைச் சொல்லித்தருவது? காமிராவை எங்கே வைப்பது, வெளிச்சத்தை எப்படிப் பிடிப்பது என்பதெல்லாம் உங்களுக்கு என்னைவிட நன்றாகத் தெரியும். கையும் காலும் ஓடாத ஒரு நேரத்தில் என்ன செய்வது என்பதைப் பற்றி மட்டும் இரண்டு சங்கதி சொல்கிறேன். அதுவும் எனக்கு நடந்ததை. மற்றவர்களுக்கு நடந்ததைச் சொல்ல எனக்கு யோக்யதை கிடையாது.

என் படம் ஊமைப்படம். கதையும் சின்னக் கதைதான். ஒரு சிற்றூர், ஒரு கோயில், ஒரு தேர். பக்கத்துக் கோட்டையைப் பிடித்த அந்நியத் தளபதி ஒருவன், திருவிழா அன்று சாமியைக் கீழே இறக்கிவிட்டுத் தானே தேரில் ஏறி உட்கார்ந்துகொண்டு, "இழுங்கள்" என்கிறான். ஊர் ஜனம் வடத்தைக் கையில் எடுக்கிறது. பிறகு ஒரு நெசவாளி கையை விடுகிறான். பின்னாலிருப்பவன் விடுகிறான். அப்படியே வரிசையாக எல்லோரும் வடத்தைத் தரையில் போட்டுவிட்டு, வெயிலில், தேருக்கு முன்னாலேயே உட்கார்ந்துவிடுகிறார்கள். தளபதி இறங்கி வந்து நெசவாளியைச் சாட்டையால் அடிக்கிறான். மிச்சக் கதை உங்களுக்கு வேண்டாம்.

அந்த நெசவாளியாக நடித்தவன் என் உயிர் நண்பன். படம் எடுக்க என்னோடு பட்டினி கிடந்தவன்.

அந்தக் காலத்தில் ஊரில் என்ன நடந்துகொண்டிருந்தது என்று உங்களுக்குத் தெரியும். வெள்ளைக்காரனோடு ஒத்துழைக்க மாட்டோம் என்று ஜனங்கள் தெருவில் உட்கார்ந்த காலம். என் படத்தைச் சரியாகப் புரிந்துகொண்ட முதல் ரசிகர் அரசாங்கம்தான். ஸ்டூடியோவைப் பூட்டினார்கள். என் நண்பனைப் பிடித்துக்கொண்டு போனார்கள். நான் அப்போது நாகப்பட்டினத்தில் இருந்தேன், அடுத்த படத்துக்குக் கடற்கரை பார்க்க. சேதி வந்தபோது கப்பல் ஒன்று புறப்படக் காத்திருந்தது. கூலிக்கு வரும் கூட்டத்தோடு கூட்டமாக ஏறிவிட்டேன். பினாங்கு, சிங்கப்பூர், அங்கிருந்து பாலத்தைக் கடந்து ஜொகூர். ஜொகூர் சுல்தான் நாடு, இங்கே பிழைத்துக்கொள்ளலாம் என்று கப்பலில் ஒருவர் சொல்லியிருந்தார். வந்த பிறகுதான் தெரிந்தது, சுல்தானுக்கு ஆலோசனை சொல்ல இங்கேயும் ஒரு வெள்ளைக்காரர் உட்கார்ந்திருக்கிறார் என்று. நான் யார் என்று தெரிந்தால் திரும்பக் கப்பலேற்றிவிடுவார்கள். மெட்ராஸ் துறைமுகத்திலிருந்து நேரே சிறை. பேரை மாற்றிக்கொண்டேன்.

எனக்குத் தெரிந்த தொழில் ஒன்றுதான். அதன் ஓரத்திலேயே ஒட்டிக்கொண்டேன். ஊமைப்படம் ஓடும்போது திரைக்குப் பக்கத்தில் நின்று கதை சொல்ல ஓர் ஆள் வேண்டும். திரையில் எழுத்து வந்தால் படித்துச் சொல்ல வேண்டும். முதலாளி சிங்கப்பூரில் இருப்பார். படப்பெட்டி ரயிலில் வரும். லாபிஸ், குளுவாங், ரெங்கம் என்று ரயில் நிற்கிற ஊர்களிலெல்லாம், சுற்றியுள்ள கித்தா எனும் ரப்பர்த் தோட்டங்களிலெல்லாம், துணியைக் கட்டிப் படம் காட்டுவோம். ஜனங்கள் என்னை "வாத்தியாரே" என்பார்கள். மற்றவர்கள் எடுத்த படங்களுக்கு நான் வாத்தியார்.

கூட இருந்தவர் ஒருவர்தான். மெஷினைக் கையால் சுற்றும் சீனர். எல்லோரும் அவரை "அப்பே" என்றுதான் கூப்பிடுவார்கள். ஹொக்கியன் பேச்சில் பெரியவர் என்று அர்த்தம். அவருடைய சொந்தப் பெயரை யாரும் சொல்லி நான் கேட்டதில்லை. எங்கள் இருவருக்கும் பொதுவாக இருந்தது சந்தை மலாயில் ஒரு கைப்பிடி வார்த்தை. அரிசி, தண்ணீர், நாளைக்கு, போதும், இன்னும் கொஞ்சம். இவற்றை வைத்துக்கொண்டு சினிமாவைப் பற்றி என்ன பேசுவது? ஒரு காட்சி ஏன் மனதை உலுக்கியது என்று சொல்ல எனக்கு ஆள் இல்லாமல் போயிற்று. தீபாவளியன்று சாப்பாட்டுக்கடையில் தனியாக உட்கார்ந்து தின்றிருக்கிறேன். அதுகூடப் பெரிதாகத் தெரியவில்லை. படம் பார்த்துவிட்டு வெளியே வந்து, பேச வாயைத் திறந்து, பக்கத்தில் ஆள் இல்லை என்று மூடிக்கொள்வது இருக்கிறதே, அதுதான் கஷ்டம்.

அந்த அப்பேயிடம் நான் கற்றதை முதலில் சொல்லிவிடுகிறேன்.

லாபிஸ் பக்கம் ஒரு தோட்டத்தில் புராணப் படம் காட்டினோம். திரையில் முருகன் வந்தார். அவ்வளவுதான், முன்வரிசையில் ஒரு பெரியம்மா எழுந்து, மடியிலிருந்து கற்பூரத்தை எடுத்து, தட்டில் கொளுத்தி, திரைக்கு ஆரத்தி எடுக்க ஆரம்பித்துவிட்டார். அந்தக் காலத்துப் பிலிம் தீயைக் கண்டால் வெடிமருந்து மாதிரி. துணியில் பற்றினால் மெஷினும் போகும், ஆளும் போகும்.

"அம்மா! அணைங்க அத! அறிவில்லையா?" என்று கத்திவிட்டேன்.

கூட்டம் முழுக்கத் திரும்பியது. "யாருக்குடா அறிவில்ல? சாமிக்குக் கற்பூரம் காட்டக்கூடாதா?" என்று ஒருவர் வேட்டியை மடித்துக் கட்டினார். இன்னொருவர், "வாத்தியாரு வேதக்காரரு போல" என்றார். பெரியம்மா தட்டை இன்னும் உயரமாகத் தூக்கினார்.

அப்பே "அலமாக்!" என்று ஒரு சத்தம் போட்டார். மெஷினை நிறுத்தினார். விளக்கை மூடினார். முன்னால் வந்தார். பெரியம்மாவின் எதிரில் நின்று, செருப்பைக் கழற்றிவிட்டு, இரண்டு கையாலும் கற்பூரத்தைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். சீனக்கிழவர் கும்பிடுவதைப் பார்த்ததும் கூட்டமும் எழுந்து வரிசையாக வந்து ஒற்றிக்கொண்டது. எல்லோரும் ஒற்றி முடித்ததும் பெரியம்மாவே தட்டை வெளியே எடுத்துக்கொண்டுபோய் வைத்துவிட்டார். பூஜை முடிந்தால் கற்பூரத்துக்கு அங்கே என்ன வேலை? அப்பே போய் மறுபடி மெஷினைச் சுற்ற ஆரம்பித்தார். நான் கடைசியாக ஒற்றிக்கொண்டு வந்து என் இடத்தில் நின்றேன்.

தம்பிகளே, படம் பார்க்க வந்த ஜனங்களோடு சண்டை போடாதீர்கள். அவர்கள் ஏதாவது செய்தால் அதற்கு ஒரு முடிவும் அவர்களிடமே இருக்கும். அதுவரை கூடப் போங்கள்.

இனி என் படத்துக்கு வருகிறேன்.

ஒரு நாள் குளுவாங் ஸ்டேஷனில் வந்து இறங்கிய பெட்டியைத் திறந்து, பிலிமை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். தேர். என் தேர். அதன் மரச்சட்டங்களுக்குச் சாயம் பூசும்போது என் கையிலும் நீலம் ஒட்டியிருந்தது. எத்தனையோ நாள் போகாத நீலம். பிளாட்பாரத்திலேயே உட்கார்ந்துவிட்டேன். அப்பே தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தார். காய்ச்சல் என்று நினைத்துக்கொண்டார்.

என்ன நடந்திருக்கும் என்று ஊகிக்க முடிந்தது. போட்ட பணத்தை எடுக்கப் படக் கம்பெனிக்காரர் கத்தரிக்கோலுக்குச் சம்மதித்திருக்கிறார். படத்துக்கு ஒரு பக்திப் பெயர் வைத்திருந்தார்கள். என் பெயர் வரும் துண்டு போய்விட்டது. வடத்தைக் கீழே போடும் காட்சி, ஊர் உட்காரும் காட்சி, எல்லாம் போய்விட்டன. ஜனங்கள் வடத்தைத் தூக்குகிறார்கள். அடுத்த நொடி தளபதி சாட்டையை ஓங்குகிறான். இரண்டையும் அவசரமாக ஒட்டியிருந்தார்கள்.

முதல் காட்சி ரெங்கம் பக்கத்துத் தோட்டம் ஒன்றில். கித்தா விலை விழுந்து, ஆட்களைக் குறைத்து, இருக்கிறவர்களும் நாளைக்கு நம் பெயர் இருக்குமோ என்று பயந்துகொண்டிருந்த நேரம். துணியைக் கட்டினோம். நான் கதை சொன்னேன். சாட்டை வரும் இடம் நெருங்கியது. திரையில் அடி வாங்குகிற என் நண்பன் அந்த நேரத்தில் மெய்யாகவே எங்கேயோ சிறையில் இருந்தான். "தளபதி கோபமாக வருகிறான்" என்று மட்டும் சொன்னேன். துணியில் தெரிந்தது அவ்வளவுதான். அதற்கு மேல் சொன்னால் நான் யார் என்று சொன்னது மாதிரி. வெட்டிய காட்சியை மெட்ராஸில் அந்தச் சின்ன அறைக்கு வெளியே யாருக்கும் காட்டியதில்லை. இங்கே அதை அறிந்தவன், எடுத்தவன்தான்.

ஆனால் யாராவது கேட்பார்கள் என்று நினைத்தேன். வடத்தைத் தூக்கினவனை ஏன் அடிக்கிறான் என்று ஒரு குரலாவது எழும். மெட்ராஸில் கொட்டகையே கிழிந்திருக்கும். இங்கே ஒரு சத்தமில்லை. அடியைப் பார்த்தார்கள். அடுத்த காட்சியைப் பார்த்தார்கள்.

படம் முடிந்து துணியைச் சுருட்டும்போது, கூடப் பிடித்துக்கொடுத்த, கித்தா மரத்தில் பால் வெட்டும் ஒருவரிடம் கேட்டேன்:

"அண்ணே, அந்தத் தளபதி ஏன் அடிக்கிறான்னு உங்களுக்குக் கேக்கத் தோணலையா?"

அவர் என்னை ஒரு மாதிரி பார்த்தார். "கேக்க என்னா இருக்கு வாத்தியாரே? அவன் தொர மாதிரி. இவன் நம்ம மாதிரி. அடிக்கிறான்."

காரணம் போய்விட்ட இடத்தில் ஓட்டை இருப்பதாக எனக்குத் தோன்றியது. அவருக்கு ஓட்டையே தெரியவில்லை. அன்றைக்குச் சோறு இறங்கவில்லை எனக்கு. கத்தரிக்கோலால் வெட்டியது மெட்ராஸில் உட்கார்ந்த யாரோ ஓர் அதிகாரி என்று நினைத்திருந்தேன். இங்கே அதற்கு முன்பே யாரோ வெட்டிவிட்டிருந்தார்கள்.

அடுத்தது குளுவாங். அங்கே ரயில்பாதைக்குப் பக்கத்தில் அத்தாப்பு ஓலைக் கூரை போட்ட கொட்டகை ஒன்று இருந்தது. ஞாயிற்றுக்கிழமை மாலைக் காட்சிக்குச் சுற்றுத் தோட்டத்து ஜனமெல்லாம் லாரியில் வரும்.

குளுவாங்கில் எனக்கு ஒரு சிநேகிதர் இருந்தார். சிநேகிதர் என்றுதான் சொல்ல வேண்டும், வேறு சொல் கிடைக்கவில்லை. அதே சாப்பாட்டுக்கடையில் சாப்பிடுகிறவர். தமிழர். வெள்ளை ஜிப்பா, குடை. மலாய்க்காரர்கள் இரகசியப் போலீசை 'மாத்தா கெலாப்' என்பார்கள். இருட்டுக் கண். இவர் அந்த இருட்டுக் கண் என்பது ஊருக்கே தெரியும். அவரும் மறைக்கமாட்டார்.

அந்த ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் என் எதிரில் வந்து உட்கார்ந்தார்.

"பசியாறியாச்சா வாத்தியாரே?"

"ஆச்சு. நீங்க?"

"ஆச்சு ஆச்சு. மெட்ராஸ்ல ஒருத்தன் படம் எடுத்தானாம், கேள்விப்பட்டீங்களா? எடுத்துட்டு காணாமப் போயிட்டானாம்."

"அப்படியா?"

"ஜொகூர்ல இருக்கலாம்னு மேலேருந்து கேக்கறாங்க. ஜொகூர்ல யாருதான் இல்ல, சொல்லுங்க? ஊர்ல காணாமப் போனவன் பூரா இங்கதானே இருக்கான்."

சிரித்தேன். "கண்டுபிடிச்சா என்ன பண்ணுவீங்க?"

"கப்பல் ஏத்திவிட்ருவோம். டிக்கெட்டுகூட அவங்களே எடுத்துக் குடுத்துருவாங்க. எனக்குத்தான் ஊருக்குப் போக ஒருத்தனும் டிக்கெட் எடுக்க மாட்டேங்கறான்." டீயை உறிஞ்சினார். "அந்தப் படந்தான் இன்னிக்கு வருதாமே. அதுல ஒரு பகுதிய வெட்டிட்டாங்களாம். என்னா இருந்திச்சுன்னு இங்க எங்களுக்கே தெரியாது. உங்களுக்குத் தெரியுமா?"

"பெட்டில என்ன வருதோ அதான் எனக்குத் தெரியும்."

"ஆமா, ஆமா. வரேன், சாயங்காலம் பாப்போம்."

கொட்டகை நிரம்பியிருந்தது. ஒரு பக்கம் பாய்களில் பெண்கள், ஒரு பக்கம் பலகைகளில் ஆண்கள். நடுப்பலகையில் குடையை முட்டியில் சாய்த்துக்கொண்டு அவர். படம் ஓடியது. சாமியை இறக்கினார்கள். தளபதி ஏறி உட்கார்ந்தான். ஜனங்கள் குனிந்து வடத்தைத் தூக்கினார்கள். சாட்டை உயர்ந்தது. வடமும் தேரும் பின்னால் ஒரு கணம் தெரிந்தன.

பிலிம் அறுந்தது.

அறுந்தால் ஆச்சரியமில்லை. அவசரத்தில் ஒட்டிய இடம் அப்போதுதான் மெஷினைத் தாண்டியிருந்தது. வெட்டுப்பட்ட இடத்தில்தான் எந்தப் பிலிமும் விட்டுப்போகும். அப்பே மெஷினை நிறுத்தி, விளக்கை மூடி, "சிக்கிட் லாகி!" என்று குரல் கொடுத்தார், இன்னும் கொஞ்ச நேரம் ஆகும் என்று. காஸ் விளக்கைப் பெரிதாக்கினார்கள். வெள்ளைத் துணிக்குப் பக்கத்தில் நான், எதிரே அத்தனை முகம்.

அப்போது நடுப்பலகையிலிருந்து அந்தக் குரல் வந்தது.

"வாத்தியாரே, ஒரு சந்தேகம். எல்லாரும் வடத்தத் தூக்கித்தானே நிக்கிறாங்க. எதுக்கு அடிக்கிறான்?"

ரெங்கத்தில் முதல் காட்சி போட்டதிலிருந்து யாராவது கேட்கமாட்டார்களா என்று நான் காத்திருந்த கேள்வி. கடைசியில் கேட்டது போலீஸ்.

தம்பிகளே, தங்கைகளே, அந்த ஒரு நிமிஷத்தை என்னால் முழுதாக எழுத முடியாது. பதில் நாக்கு நுனியில் இருந்தது. என் நண்பனின் விரல்கள் ஒவ்வொன்றாக வடத்திலிருந்து பிரிவதை எத்தனை முறை எடுத்தோம், வடம் மண்ணில் விழுந்ததும் எழும்பிய புழுதி மாலை வெயிலில் எப்படி நின்றது, எல்லாம் கண்ணுக்கு முன்னால் நின்றது. சொல்லிவிட்டால் படம் முழுதாகிவிடும். அத்தனை பேரும் கேட்பார்கள். நாளைக்குக் கப்பல் வந்தால் வரட்டும் என்றுகூடத் தோன்றியது. பேச ஆளில்லாமல் கிடந்தவனுக்கு, கேட்க ஒரு கொட்டகை நிறைய ஜனம் கிடைத்தால் சிறைகூடச் சின்னதாகத் தெரியும். இன்னொரு பக்கம், "எனக்குத் தெரியாது" என்றால் அது என் வாயால் என் படத்தை மறுபடியும் வெட்டுவது. குடித்துவிட்டு அடிக்கிறான் என்று ஏதாவது புளுகலாம். என் நண்பன் வாங்கிய அடிக்கு அதையா காரணம் சொல்வது?

நான் வாயைத் திறப்பதற்குள் பின்பலகையிலிருந்து ஒருவன் கத்தினான்: "ஏன்யா, நீ தோட்டத்துப் பக்கமே வந்ததில்லியா? அடிக்கக் காரணம் வேணுமாக்கும்!"

கொட்டகை சிரித்தது. அந்தச் சிரிப்பில் எனக்கு மூச்சு வந்தது. என்னிடம் கேட்ட கேள்வியை அப்படியே தூக்கி ஜனங்களிடம் வைத்தேன்.

"ஐயா நியாயமாத்தான் கேக்கறாரு. எதுக்கு அடிக்கிறான்? நீங்கதான் சொல்லுங்களேன்."

"பேரு கூப்பிடறப்ப நேரங்கழிச்சு வந்திருப்பான்!"

"பால்ல தண்ணி கலந்திருப்பான்!"

"கணக்கெழுதற கிராணிக்கு சலாம் போடல லா!"

சிரிப்பு அலையலையாக வந்தது. அது அடங்கும் நேரத்தில் பெண்கள் பக்கத்திலிருந்து ஒருத்தி, வெற்றிலையை ஒதுக்கிக்கொண்டு, எழுந்திருக்காமலே சொன்னாள்:

"சிரிக்கிறீங்களே. அடிக்கிறப்ப பின்னால பாத்தீங்களா? வடம் கீழ கெடந்திச்சு."

சிரிப்பு நின்றது.

"தூக்கித்தானே நின்னாங்க?"

"முன்னாடி தூக்கினாங்க. அடிக்கிறப்ப தரையில கெடந்திச்சு. நான் பாத்தேன்."

கத்தரிக்கோல்காரருக்கு மனிதர்கள்தான் கண்ணில் பட்டிருக்கிறார்கள். உட்கார்ந்த ஜனத்தையெல்லாம் வெட்டியவர், சாட்டைக்காட்சியின் மூலையில் மண்ணில் கிடந்த வடத்தை விட்டுவிட்டார்.

"அப்ப போட்டுட்டாங்களா?" என்றான் பின்பலகைக்காரன். "தேர் வடத்தப் போயி யாராச்சும் கீழ போடுவாங்களா? பாவம்டி அது. நம்ம மாரியம்மன் தேரு பாதியில நின்னா ஊருக்கு ஆகுமா?"

"மேல யாரு உக்காந்திருந்தா? மாரியம்மனா?"

"இல்ல..."

"சாமி உக்காந்தா சாமி தேரு. அவன் உக்காந்துகிட்டு இழுன்னா? நீ இழுப்பியா?"

"நான் எதுக்கு இழுக்கறேன்!"

"அதான். அவனும் மாட்டேன்னுட்டான். அதுக்குத்தான் அடி."

யாரும் சிரிக்கவில்லை. பலகைகளில் ஜனங்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். ஒருவர் விட்டால் போதாது, எல்லோரும் விட்டிருக்க வேண்டும், இல்லாவிட்டால் தேர் நகர்ந்திருக்கும் என்றார் ஒருவர். அப்புறம் எல்லோரும் எங்கே போனார்கள் என்று இன்னொருவர். "எங்க போவாங்க? அங்கியே குந்திட்டிருப்பாங்க" என்றாள் அந்தப் பெண். ஒவ்வொரு துண்டாக, நான் எடுத்த காட்சியை, என் கண்ணெதிரே, அதைப் பார்த்தே இராதவர்கள் எடுத்துக்கொண்டிருந்தார்கள். நான் பல்லைக் கடித்துக்கொண்டு நின்றேன். ஒரு வார்த்தை, ஒரு தலையசைப்பு போதும், என்னைக் காட்டிக்கொடுக்க.

அப்போது பின்பக்கமிருந்து ஒரு பையனின் சூடான குரல் எழுந்தது. "அப்படிப் பாத்தா நம்ம தோட்டத்துலயும் நாளைக்கு எல்லாரும்..."

நடுப்பலகையில் தலை திரும்பியது. குடை நிமிர்ந்தது. என்னைத் தேடி வந்த கண் இப்போது அந்தக் குரலைத் தேடியது.

நான் ஒன்றும் யோசிக்கவில்லை. "அப்பே! போதும், சுற்று!" என்று மலாயில் கத்திக்கொண்டே ஓடிக் காஸ் விளக்கைத் தணித்தேன். ஒட்டு ஈரமாகத்தான் இருந்தது. அப்பே என் முகத்தைப் பார்த்தார், கேள்வி கேட்கவில்லை, சுற்றினார். இருட்டில் முகம் தெரியாமல் போயிற்று. திரையில் சாட்டை இறங்கியது. இந்தத் தடவை கொட்டகை முழுக்க ஒரு சத்தம் எழுந்தது, அடி எல்லோர் முதுகிலும் விழுந்த மாதிரி.

ஒரு கூட்டத்தைப் பேச வைப்பது சுலபம். பேச்சு எந்த இடத்தில் பேசியவனுக்கே ஆபத்தாகும் என்று பார்த்து நிறுத்துவதுதான் உங்கள் வேலை. என் படத்துக்காக அந்தப் பையன் வேலையை இழந்தால், தளபதிக்கும் எனக்கும் என்ன வித்தியாசம்?

காட்சி முடிந்து வெளியே வந்தபோது வெளிச்சம் முழுதாகப் போயிருக்கவில்லை. வாசலில் குடையோடு நின்றார்.

"நான் கேட்டதுக்கு நீங்க பதில் சொல்லவே இல்லையே வாத்தியாரே."

"அதான் ஜனங்க சொல்லிட்டாங்களே."

"அவங்க சொன்னது எனக்கு எதுக்கு ஆகும்? ஒரு கொட்டகையையா கப்பல் ஏத்த முடியும்?" சற்று நேரம் என் கண்ணையே பார்த்தார். "நல்லா கத சொல்றவருன்னு பேரு உங்களுக்கு. இன்னிக்குக் கதையே சொல்லல நீங்க."

"தொண்டை சரியில்லைங்க."

"பாத்துக்குங்க. தொண்டையப் பத்திரமா வச்சுக்குங்க." குடையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு போனார். தெரிந்துதான் விட்டாரா, தெரியாமல் விட்டாரா, இன்றுவரை எனக்குத் தெரியாது. அதற்குப் பிறகும் அதே கடையில் எதிரெதிரே உட்கார்ந்து சாப்பிட்டோம். படத்தைப் பற்றி அவர் பேச்செடுக்கவில்லை.

லாரிக்குக் காத்திருந்த ஜனங்களைத் தாண்டித்தான் நான் போக வேண்டும். அந்தப் பெண் நடுவில் நின்றுகொண்டிருந்தாள். படத்துக்கு வராத ஒருத்திக்குக் கதை சொல்லிக்கொண்டிருந்தாள். கையை முன்னால் நீட்டி, விரலை உதறிக் காட்டினாள்.

"மொதல்ல ஒரு கெழவி விட்டா பாரு, இப்படி. கைய ஒதறிட்டு, சேலைய இழுத்து சொருகிக்கிட்டு, அப்படியே மண்ணுல குந்திட்டா. அவளப் பாத்துட்டுத்தான் ஆம்பளைங்களே விட்டாங்க."

"நானுந்தான் பாத்தேன்," என்றான் பின்பலகைக்காரன். "என்னா தைரியம் அந்தக் கெழவிக்கு."

என் படத்தில் கிழவி கிடையாது. முதலில் விட்டது என் நண்பன். அதற்காக அவன் எங்கேயோ கல் உடைத்துக்கொண்டிருந்தான். இல்லையம்மா, அது ஓர் ஆண்பிள்ளை, அவன் பெயர் இன்னது, அவன் என் சிநேகிதன் என்று சொல்ல அங்கே என் ஒருவனால்தான் முடியும். நான் நின்றுவிட்டதைப் பார்த்து அவள் கூப்பிட்டாள்.

"வாத்தியாரே, நீங்க திரைக்குக் கிட்டக்க நின்னு பாத்தவரு. நீங்களே சொல்லுங்க. மொதல்ல விட்டது அந்தக் கெழவிதானே?"

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள்.

"ஆமாம்மா," என்றேன். "அவதான்."